அவர் சரியாகத்தான் படித்தார்

லா.ச.ரா.வின் 'அபிதா'வுக்குத் திரைக்கதை எழுதிக் கெடுத்தவன் நான். பழியைத் தயாரிப்பாளர் தலையில் கட்டிவிட்டேன்.

எழுதியதைப் படித்துவிட்டு அவர் கேட்டார்: "வயசான ஆளு ஒருத்தன் சின்னப் பொண்ணு பின்னாடி சுத்துறான். இதானே சார் கதை?" இலக்கியம் தெரியாத மனுஷர் என்று போன இடமெல்லாம் இதைச் சொல்லிச் சிரித்தேன். நனவோடை நாவலைப் படமாக்கவே முடியாது என்று மேடையிலும் முழங்கினேன். உண்மையில் அவர் என் திரைக்கதையைச் சரியாகத்தான் படித்திருந்தார்.

நாவலில் அம்பி, மனைவி சாவித்திரியோடு கரடிமலைக்குத் திரும்புகிறான். அவன் நேசித்த சகுந்தலை இறந்துவிட்டாள். அவளுடைய மகள் அபிதா அச்சு அசல் அவளாகவே நிற்கிறாள். யாரைப் பார்க்கிறோம் என்பது அம்பிக்கே பிடிபடுவதில்லை. அன்றும் இன்றும் ஒன்றோடொன்று புரளும் அந்த ஓட்டத்தில் நாமும் அடித்துச் செல்லப்படுவதால், விலகி நின்று அவனுக்குத் தீர்ப்புச் சொல்ல முடிவதில்லை.

பார்ப்பவர்கள் குழம்புவார்களே என்று பயந்து நான் இரண்டையும் பிரித்தேன். சகுந்தலைக்கு ஒரு நடிகை, அபிதாவுக்கு வேறொருத்தி. பழையதெல்லாம் மஞ்சள் வெளிச்சத்தில் ஃப்ளாஷ்பேக். மிச்சத்தை வாய்ஸ் ஓவரில் கொட்டினேன். குழப்பம் தீர்ந்தது; மிஞ்சியது ஒருவனின் சபலம்.

இதற்கு முன்னுதாரணம் வேறு காட்டினேன். மார்லீன் கோரிஸின் 'மிஸஸ் டாலோவே' (1997) படத்தில் கிளாரிஸாவின் முதுமைக்கு வனெஸ்ஸா ரெட்கிரேவ், இளமைக்கு நடாஷா மெக்கெல்ஹோன். ஆனால் அங்கே ஒருத்தியே இரண்டு காலங்களில் வருகிறாள். இங்கே இரண்டு பெண்கள் ஒருத்தியாகத் தெரிய வேண்டும். இந்த வித்தியாசம் எனக்குத் தெரியாமல் இல்லை. வசதியாக மறந்துகொண்டேன்.

வழியும் கண்ணெதிரிலேயே கிடந்தது. பி.யு. சின்னப்பா 1940-இல் 'உத்தம புத்திர'னில் போட்ட இரட்டை வேடம் நம் ரசிகர்களுக்குப் புதிதா என்ன? இரண்டு பேருக்கும் ஒரே நடிகை, ஒரே வெளிச்சம். எந்தக் காலம் என்று சொல்லாமலே ஒரு ஷாட்டிலிருந்து அடுத்ததற்குத் தாவியிருக்கலாம். இரட்டை வேடம் மசாலாப் படத்துச் சமாசாரம் என்ற மிதப்பில் அதைத் தொடவில்லை. கடைக்கோடி ரசிகனுக்குப் பழகிப்போன வித்தையைக் கீழாக நினைத்த நான்தான், அதே ரசிகனுக்குப் புரியாது என்றும் பயந்தேன்.

தயாரிப்பாளர் எதையும் வெட்டச் சொல்லவில்லை. அவர் கைக்குப் போனதே நான் வெட்டி முடித்த பிரதிதான். அவரைப் பற்றி நான் சொன்னதைக் கேட்டுச் சிரித்தவர்கள் இதையும் தெரிந்துகொள்ளட்டும்.