சரிந்த கல்லை எடுத்து வைப்பவர்கள்

பிலிப்பைன்ஸின் இருபது பெசோ நோட்டைத் திருப்பினால் ஒரு மலைச்சரிவு தெரியும். அடியிலிருந்து உச்சிவரை வயல், வயலுக்கு மேல் வயல். லூசோன் தீவின் வடக்கே, கொர்டில்யேரா மலைத்தொடரில் இருக்கும் இஃபுகாவோ மாகாணத்துப் படிவயல்கள் அவை. மணிலாவில் வேலை பார்க்கும் மகளோடு தங்கியிருந்தபோது கடைச் சில்லறையோடு அந்தப் படம் கைக்கு வந்துகொண்டே இருந்தது. நான் தஞ்சைச் சமவெளிக்காரி. தண்ணீர் தானாகப் பரந்து நிற்கிற மண்ணில் நெல் விளைவதைப் பார்த்து வளர்ந்தவள். செங்குத்து மலையில் தண்ணீரைத் தேக்கி நெல் நடுகிறார்கள் என்றால், அதை நேரில் பார்க்காமல் ஊர் திரும்ப மனம் வரவில்லை.

மணிலாவில் இரவுப் பேருந்து ஏறினால் காலையில் பனாவே. அங்கிருந்து ஜீப்னி வண்டியில் கணவாய் மேடு வரை போகலாம். அதைத் தாண்டிச் சற்றுத் தூரத்தில் சாலை முடிந்துவிடும். நாங்கள் போன பட்டாட் கிராமத்துக்குள் இன்றைக்கும் வண்டி போவதில்லை. சமையல் எரிவாயு, சிமெண்ட், பள்ளிக்கூடத்துப் பெஞ்சு எல்லாம் மனிதர்களின் தோளில்தான் இறங்குகின்றன. எங்களோடு வந்த வழிகாட்டி அந்த ஊர்க்காரர். நாற்பதைத் தாண்டிய வயது. வெற்றிலை, பாக்கு, சுண்ணாம்பு போட்டுச் சிவந்த வாய். அதைப் பார்த்ததுமே எனக்குப் பாதி அச்சம் போய்விட்டது. என்னை ‘லோலா’ என்று கூப்பிட்டார். பாட்டி என்று சொல்வதுபோல. ஊன்றிக்கொள்ள ஒரு தடியும் கொடுத்தார்.

ஊருக்குள் இறங்கியதும் தனியாகப் பாதை என்று ஒன்று கிடையாது. வயலின் கல்சுவர் மேல்தான் நடக்க வேண்டும். ஒரு பக்கம் பயிர் நிற்கும் தண்ணீர், மறுபக்கம் இரண்டு ஆள் ஆழத்தில் அடுத்த வயல். “ஓரக் கல்லை மிதிக்காதீர்கள் லோலா. வயலை ஒட்டி உள்பக்கமாகவே வாருங்கள். விழுந்தாலும் சேற்றில் விழலாம்” என்றார். என் காலுக்காகச் சொல்கிறார் என்று முதலில் நினைத்தேன். சுவருக்காகவும் சொல்லியிருக்கிறார் என்பது போகப் போகத்தான் தெரிந்தது.

ஓரிடத்தில் கல் ஒன்று பாதி வெளியே நழுவி நின்றது. வழிகாட்டி பையைக் கழற்றி என் மகளிடம் கொடுத்தார். குனிந்து கல்லை உருவினார். இடுக்கில் இருந்த பழைய மண்ணைச் சுரண்டிப் போட்டார். கல்லை இப்படியும் அப்படியும் புரட்டிப் பார்த்து, வேறு முகமாகத் திருப்பி உள்ளே செருகினார். சின்னக் கல் இரண்டை ஆப்பு வைத்தார். வயலிலிருந்து சேற்றை வாரி மேலே அப்பி, உள்ளங்கையால் தட்டினார். “உங்கள் வயலா?” என்று கேட்டேன். “இல்லை. என் வயல் நாலு படி கீழே இருக்கிறது” என்றார்.

அந்த மலையின் நியாயம் முழுவதும் அந்தப் பதிலில் இருந்தது. மலை உச்சியில் ஒவ்வொரு குடும்பத்துக்கும் உரிய காடு இருக்கிறது; முயோங் என்பார்கள். மழையை வாங்கி வைத்துக்கொண்டு மெதுவாக விடுவது அந்தக் காடுதான். அங்கிருந்து வாய்க்கால் மலையின் விலாவைச் சுற்றிக்கொண்டு வருகிறது. தண்ணீர் மேல் வயலில் நிறைந்து, மடை வழியாக அடுத்த படிக்கு இறங்கி, இப்படியே ஆற்றுக்குப் போகிறது. அறுவடை முடிந்த பிறகும் வயலில் தண்ணீர் நிற்க வேண்டும். காய்ந்தால் மண் வெடிக்கும், மண்புழு துளைக்கும். அடுத்த பெருமழையில் அந்த வெடிப்புகளில் தண்ணீர் புகுந்து சுவரைத் தள்ளிவிடும். ஒரு சுவர் விழுந்தால் கல்லும் மண்ணும் கீழே உள்ள படிகளில்தான் விழும். ஆகவே மேலே இருப்பவர் வயலைக் கைவிட்டால், கீழே இருப்பவர் எவ்வளவு உழைத்தாலும் பயனில்லை. பெரிதாகச் சரிந்தால் ஊரே கூடி, கூலி வாங்காமல் கல் சுமக்கும் வழக்கம் இருந்திருக்கிறது. இப்போதும் உண்டு, முன்போல் இல்லை என்றார்.

பட்டாட், பங்கான் உட்பட ஐந்து இடத்துப் படிவயல்களை யுனெஸ்கோ 1995ஆம் ஆண்டு உலகப் பாரம்பரியச் சின்னமாக அறிவித்தது. அதற்கு ஆறே ஆண்டுகளில், 2001இல், அழியும் ஆபத்தில் உள்ளவற்றின் பட்டியலில் சேர்த்தது. 2012இல்தான் அந்தப் பட்டியலிலிருந்து எடுத்தார்கள். பூகம்பமோ போரோ வந்து அவை ஆபத்துக்கு உள்ளாகவில்லை. இளையவர்கள் படிப்புக்கும் வேலைக்கும் வெளியே போக, வயல்கள் ஆளில்லாமல் காய்ந்தன, வாய்க்கால்கள் தூர்ந்தன. இதை என்னைப் போன்ற வயதுக்காரர்கள் கவனித்துப் படிக்க வேண்டும். பெரிய காரியங்கள் இடிபடுவதற்குப் பெரிய காரணம் ஏதும் தேவைப்படுவதில்லை. வருடா வருடம் செய்த சின்ன வேலை ஒன்றை இரண்டு வருடம் யாரும் செய்யாமல் விட்டால் போதும்.

இந்த வயல்களின் வயதைப் பற்றி ஒரு வழக்கு உண்டு. இரண்டாயிரம், மூவாயிரம் ஆண்டுப் பழமை என்று அமெரிக்க மானிடவியலாளர் ஓட்லி பேயர் மதிப்பிட்டார். பிலிப்பைன்ஸ் பாடப் புத்தகங்களும் சுற்றுலாப் பலகைகளும் அதையே சொல்லி வந்தன. தொல்லியலாளர் ஸ்டீபன் அகபாடோவும் அவரோடு சேர்ந்த இஃபுகாவோ மக்களும் தோண்டிப் பார்த்துக் கரிமக் காலக்கணிப்பு செய்தபோது வேறு கதை வந்தது. அதன்படி, சமவெளிக்கு ஸ்பானியர்கள் வந்த பிறகு, அவர்களுக்குப் பணியாமல் மலைக்குள் விலகிய மக்கள் சுமார் நானூறு ஆண்டுகளுக்குள் விரித்தெடுத்தவை இந்த நெல்வயல்கள். அதற்கு முன்பு அந்தப் படிகளில் சேப்பங்கிழங்கு விளைந்திருக்கிறது. பழமை குறைந்துவிட்டதே என்று வருந்தியவர்களும் உண்டு. எனக்கோ மதிப்பு கூடிற்று. நம்மிடமும் தொன்மையைச் சொல்லிப் பெருமைப்படும் பழக்கம் நிறைய இருக்கிறது. எத்தனை ஆண்டுக்கு முன்பு கட்டினார்கள் என்று கேட்பதைவிட, பணியாமல் விலகிய மக்கள் மலையைக் குடைந்து சோற்றுக்கு வழி செய்துகொண்டார்கள், சில தலைமுறைக்குள் செய்தார்கள் என்பதை நினைத்துப் பார்க்கலாம். அடிமைப்படாமல் இருப்பதற்கு எவ்வளவு மண் சுமக்க வேண்டியிருந்திருக்கிறது!

இரவு தங்கியது ஒரு குடும்பத்தின் வீட்டில். முற்றத்தில் பழைய பாணி வீடு ஒன்றையும் வைத்திருந்தார்கள். நான்கு கம்பத்தின் மேல் நிற்கும் ஒற்றை அறை, ஆணி அடிக்காமல் மரத்தை மரத்தில் பொருத்திக் கட்டியது, கூம்பிய புல்கூரை. ஒவ்வொரு கம்பத்திலும் வட்டமான மரத்தட்டு இருக்கிறது; எலி ஏறினால் அந்தத் தட்டைத் தாண்ட முடியாது. இரவில் ஏணியை உள்ளே இழுத்துக்கொள்வது அந்தக் கால வழக்கம். இப்போது பெரும்பாலான வீடுகள் தகரக் கூரைக்கு மாறிவிட்டன. புல்கூரை வேய ஆள் கிடைப்பது சிரமம் என்று வீட்டம்மா சொன்னார். நாங்களும் தகரக் கூரையின் கீழேதான் படுத்தோம். நடுநிசி மழையில் பேச்சே கேட்கவில்லை.

சாப்பாட்டில் கோழிச்சாறு, கீரை, சோறு. சோறு எந்த வயலுடையது என்று ஆசையாகக் கேட்டேன். கடையில் வாங்கிய அரிசி என்றார் வீட்டம்மா. எனக்கு வியப்பாக இருந்தது. பிறகு விளக்கினார். அவர்களுடைய நெல் தினாவோன். ஆண்டுக்கு ஒரே போகம். ஆண்டின் தொடக்கத்தில் நடுவார்கள், ஜூன் ஜூலை வாக்கில் அறுப்பு. குளிர்தாங்கும் உயரமான பயிர். உள்ளங்கைக்குள் அடங்கும் சிறு கத்தியால் கதிர் கதிராக அறுத்து, கட்டாகக் கட்டி, கட்டாகவே குதிரில் சேர்ப்பார்கள். முதலில் பெண்கள் போய் நல்ல கதிர்களை விதைக்கென்று தனியே எடுத்துவிட வேண்டும். விளைவது வீட்டுக்கு முழு ஆண்டுக்கும் காணாது. அதனால் தினசரிச் சமையலுக்குச் சமவெளி அரிசி. தினாவோன் விசேஷத்துக்கும் விருந்துக்கும். காலையில் எனக்காகச் சின்னப் பானையில் அதை வடித்தார். இளஞ்சிவப்பாக, தடித்த பருக்கை. குழம்பில்லாமல் வெறுமனே தின்றேன். வாசம் அவ்வளவு நன்றாக இருந்தது.

நெல்லைப் பற்றிப் பேசும்போது அந்த நாட்டுக்கும் எங்கள் மண்ணுக்கும் உள்ள தொடர்பு நினைவுக்கு வந்தது. மணிலாவுக்குத் தெற்கே லாஸ் பான்யோஸில் சர்வதேச நெல் ஆராய்ச்சி நிறுவனம் இருக்கிறது. 1966இல் அங்கே வெளியான ஐ.ஆர்.8 நெல் ரகம் எங்கள் பக்கத்து வயல்களிலும் வந்து நின்றது. கும்பகோணத்தில் பிறந்த எம்.எஸ். சுவாமிநாதன் 1982 முதல் 1988 வரை அதன் தலைமை இயக்குநராக இருந்தார். உலகெங்கும் சேகரித்த ஒரு லட்சத்துக்கும் மேற்பட்ட நெல் மாதிரிகளை அங்கே குளிர் அறையில் காக்கிறார்கள். மிகப் பெரிய காரியம் அது. விதையை அப்படிக் காத்துவிடலாம். நழுவிய கல்லை எந்த முகமாகத் திருப்பினால் உட்காரும் என்ற அறிவை எந்த அறையில் வைப்பது? அது ஒரு கையிலிருந்து இன்னொரு கைக்கு, வயலில் நின்றுகொண்டுதான் போக முடியும்.

அறுவடையின்போது ஹுத்ஹுத் என்ற நெடும்பாட்டைப் பெண்கள் பாடுவார்கள். முன்பாடுபவர் வயதில் மூத்த ஒரு பெண், மற்றவர்கள் சேர்ந்து பாடுவார்கள். யுனெஸ்கோ அதையும் பாரம்பரியப் பட்டியலில் எழுதியிருக்கிறது. முழுதும் தெரிந்தவர்கள் கிழவிகள்தான் என்று கேட்டபோது என் நெஞ்சு கனத்தது. வேலை போனால் வேலையோடு வந்த பாட்டும் போகும்.

இஃபுகாவோவில் வயலும் காடும் மூத்த பிள்ளைக்குச் சேரும். ஆணா பெண்ணா என்று பார்ப்பதில்லை. வயலைத் துண்டு போட மாட்டார்கள். சொத்தோடு சுவரும் வாய்க்காலும் அந்தப் பிள்ளையின் பொறுப்பாகிவிடும். இளையவர்களுக்கு இது நியாயமா என்றால், இல்லை என்றே சொல்வேன். அதை நாம் பின்பற்ற வேண்டும் என்றும் சொல்லவில்லை. ஆனால் கேட்டுக்கொண்டிருக்கும்போதே எங்கள் வீட்டு நினைப்பு வந்தது. தாத்தாவின் நிலம் அப்பா தலைமுறையில் அண்ணன் தம்பிகளுக்குச் சரிபங்கானது. அளவு பிசகாமல் கயிறு பிடித்தார்கள். எல்லோருக்கும் பொதுவான வாய்க்காலைத் தூர்வாரும் வேலையை மட்டும் யார் பங்கிலும் எழுதவில்லை. கடைசி வயலுக்குத் தண்ணீர் போய்ச் சேராமல் ஆன பிறகு ஒவ்வொருவராக விற்றார்கள். சொத்தைப் பிரிக்க உட்காரும் பெரியவர்கள் எல்லோரும் இன்னொரு தாளையும் எடுத்து வைத்துக்கொள்ள வேண்டும் என்று எனக்குத் தோன்றுகிறது. கூரையை யார் பார்ப்பது, கிணற்றை யார் இறைப்பது, குலதெய்வக் கோயிலுக்கு யார் விளக்கு வைப்பது, ஊரில் தனியாக இருக்கும் அத்தையை மாதத்துக்கு ஒரு முறை யார் போய்ப் பார்ப்பது என்று அதில் எழுத வேண்டும். வயதானவர்களின் கடமையில் பாதி, செய்யத் தெரிந்ததைச் செய்துகாட்டி, பக்கத்தில் நிற்பவர் கையில் கொடுத்துவிடுவது. நாமே செய்துவிட்டால் சீக்கிரம் முடியும் என்று செய்துகொண்டே இருந்தால், நம்மோடு அந்த வேலையும் முடிந்துபோகும்.

வழிகாட்டியின் மூத்த மகள் பாகியோ நகரத்தில் செவிலியர் படிப்பு படிக்கிறாள். அவள் திரும்பி வந்து வயலைப் பார்ப்பாளா என்று கேட்டேன். “வந்து இங்கேயே இருக்கச் சொல்ல எனக்கு மனம் இல்லை லோலா. இந்த வயலை வைத்து அவளைப் படிக்க வைக்க முடியவில்லை, உங்களைப் போன்றவர்களோடு நடந்துதான் படிக்க வைக்கிறேன்” என்றார். விடுமுறைக்கு வரும்போதெல்லாம் மகளைச் சுவர் வேலைக்குக் கூட்டிப்போகிறாராம். பிற்காலத்தில் தம்பி மகன் விளைச்சலில் பங்குக்குப் பயிரிடலாம், கூலி ஆளும் வைக்கலாம். சுவர் சரியாகக் கட்டப்பட்டதா என்று பார்த்துச் சொல்ல உரிமைக்காரிக்குத் தெரிந்திருக்க வேண்டும் என்பது அவர் கணக்கு. பிள்ளைகளை ஊரோடு கட்டிப்போடாமலும் ஊரை அவர்களிடமிருந்து அறுத்துவிடாமலும் ஒரு தகப்பன் கண்ட வழி அது. எனக்கு அது சரியாகவே பட்டது.

மறுநாள் அருவிக்கு இறங்கும் படிகளை என் மகளுக்கு விட்டுவிட்டு நான் மேலேயே உட்கார்ந்துகொண்டேன். பிறகு மூவருமாகப் பங்கான் பக்கம் நடந்தோம். வயல்களின் நடுவே கூடி நிற்கும் சின்ன ஊர், பார்க்க வேண்டிய இடம்.

போக நினைக்கும் என் வயதுக்காரர்களுக்குச் சில வார்த்தைகள். ஏப்ரல், மே மாதங்களில் வயல் பச்சையாக நிற்கும். ஜூன் கடைசியில் கதிர் முற்றும். இறங்குவதைவிடத் திரும்பி ஏறுவதற்கே அதிக நேரம் ஒதுக்குங்கள். பிடிப்புள்ள காலணியும் மழைக்கோட்டும் அவசியம். மணிலாவில் முகவர் பிடிக்க வேண்டாம். அந்தந்த ஊர்க்காரரையே வழிகாட்டியாக வைத்துக்கொண்டு, அவர்கள் வீட்டிலேயே தங்குங்கள். கூலியில் பேரம் பேசாதீர்கள். கல் சுமக்க ஆள் வைப்பது அந்தப் பணத்தில்தான். தினாவோன் அரிசி விற்பதாகச் சொன்னால் ஒரு கிலோவாவது வாங்குங்கள். சுவரில் நடக்கும்போது உள்பக்கமாகவே நடங்கள்.