தோபிதாக்யூவில் திரும்பிய ஓட்டம்

சென்னை வானகரத்தில் எங்கள் தெரு பூந்தமல்லி நெடுஞ்சாலையில் போய் முடியும். பொழுது விடியும் முன்பே மீன் மார்க்கெட் வண்டிகளின் இரைச்சல் தொடங்கிவிடும். அதைக் கேட்டு வளர்ந்ததாலோ என்னவோ, டோக்கியோவில் நான் முதலில் தேடிப்போனதும் ஒரு நெடுஞ்சாலையைத்தான்.

ஷின்ஜுகுவில் ரயிலேறி, தோபிதாக்யூ ஸ்டேஷனில் இறங்கிச் சற்று நடந்தால் கோஷு கைடோ சாலை. அதன் ஓரத்தில் ஒரு நினைவுக்கல். 1964 ஒலிம்பிக் மாரத்தான் வீரர்கள் இங்கே வந்துதான் திரும்பி ஓடினார்கள்.

எனக்கு இந்தச் சாலையை அறிமுகப்படுத்தியவர் திரைப்பட இயக்குநர் கோன் இச்சிகாவா. கார்ட்டூன் படங்களுக்கு ஓவியம் வரைந்து திரைத்துறைக்கு வந்தவர். அவர் எடுத்த 'டோக்கியோ ஒலிம்பியாட்' 1965-இல் வெளிவந்தது. அந்த ஒலிம்பிக்கைப் பற்றிய, கிட்டத்தட்ட மூன்று மணி நேர ஆவணப்படம். அதில் எத்தியோப்பியாவின் அபேபே பிகிலா இந்தச் சாலையில் ஓடுகிறார். வெகுதொலைவிலிருந்து லென்ஸ் அவர் முகத்தை நெருங்குகிறது. ஓட்டம் மெதுவாகிறது. தாடையில் திரண்ட வியர்வை சொட்டுகிறது. முகத்தில் ஒரு சலனமும் இல்லை. அவர் 2 மணி 12 நிமிடத்தில் தங்கம் வென்றார் என்பதை எந்தப் பத்திரிகையும் சொல்லிவிடும். அந்த முகத்தின் தனிமையை இச்சிகாவாதான் காட்டினார்.

நூற்றுக்கும் மேற்பட்ட கேமராக்களை வைத்துக்கொண்டு அவர் தேடியதெல்லாம் சின்னச் சின்ன விஷயங்கள். குண்டு எறியும் முன் அதை உருட்டி உருட்டிப் பார்க்கும் கை. சாட் நாட்டிலிருந்து வந்து, சாப்பாட்டுக் கூடத்தில் தனியே உட்கார்ந்து சாப்பிடும் ஓட்டக்காரர். வாலிபாலில் ஜப்பான் பெண்கள் தங்கம் வென்ற நொடியில், கொண்டாட்டத்தை விட்டு ஒதுங்கி நிற்கும் பயிற்சியாளர் தைமாட்சு. படத்தைப் பார்த்த அமைச்சர் இச்சிரோ கோனோ, இது ஒலிம்பிக்கின் பதிவாக இல்லை என்று குறைசொன்னார். பதிவா, கலையா என்று ஜப்பானே விவாதித்தது. மக்களோ திரையரங்குகளை நிறைத்தார்கள்.

கல்லருகே வெகுநேரம் நின்றேன். குழந்தையைப் பின்னால் உட்காரவைத்து ஒரு தாய் சைக்கிள் மிதித்துப் போனாள். முதியவர் ஒருவர் கடைவாசலைப் பெருக்கிக்கொண்டிருந்தார். இச்சிகாவா இருந்திருந்தால் இவர்களையும் எடுத்திருப்பார் என்று தோன்றியது.

மாலையில் தேசிய ஸ்டேடியத்துக்குப் போனேன். பழைய கட்டடங்களை இரும்புக்குண்டு இடித்துத் தள்ளும் காட்சி அந்தப் படத்தின் தொடக்கத்திலேயே வரும். பிகிலா ஓடி முடித்த ஸ்டேடியத்தையும் 2015-இல் இடித்துவிட்டார்கள். இன்று அங்கே மர இறவாரங்கள் அடுக்கடுக்காகச் சூழ்ந்த புதிய ஸ்டேடியம் நிற்கிறது. அண்ணாந்து பார்த்தபோது உடல் சிலிர்த்தது. கட்டடம் போய்விட்டது, வியர்வைத் துளி இருக்கிறது.

ஊர் திரும்பிய ஞாயிற்றுக்கிழமை, பைபாஸ் அருகே பையன்கள் கிரிக்கெட் ஆடிக்கொண்டிருந்தார்கள். என் கண் பந்தை விட்டுவிட்டு, பவுண்டரி ஓரத்தில் தன் முறைக்காகப் பேட்டைக் கட்டிப்பிடித்து உட்கார்ந்திருந்த சின்னப்பையனிடம் போனது. டோக்கியோ எனக்குக் கொடுத்த கண் அது.

உங்கள் பிள்ளையின் பள்ளி விளையாட்டு விழாவில் போனைத் தூக்கும்போது, கோப்பை வாங்கும் பிள்ளையோடு நிறுத்திவிடாதீர்கள். கடைசியாக ஓடிவரும் பிள்ளையின் முகத்தையும் ஒரு நிமிடம் எடுங்கள்.