வானொலி அலைகளும் ஒரு துவிச்சக்கரவண்டியும்

விழா மலருக்குக் கட்டுரை ஒன்று தரவேண்டுமெனப் பழைய மாணவர் சங்கத்தார் பணித்தபோது, விஞ்ஞான விடயமாகவே எழுதுவேன் என ஒப்புக்கொண்டேன். கல்லூரியிற் கற்றவற்றுள் இன்றும் என் நெஞ்சைவிட்டு அகலாதிருப்பது மின்காந்த அலைகள் பற்றிய பாடமே. இதற்குக் காரணம் என் கெட்டித்தனமன்று. அப்பாடத்திற் பாதியைக் கரும்பலகையிலும், மறுபாதியைத் துவிச்சக்கரவண்டியின் மேலிருந்துங் கற்றவன் யான்.

1990 ஆம் ஆண்டின் நடுப்பகுதியிற் குடாநாட்டுக்கு மின்சாரம் நின்றுபோயிற்று. மண்ணெண்ணெய் அரிதாகவே, ஜாம் போத்தலுக்குள் திரியிட்ட விளக்கின் ஒளியிற் படித்தோம். வடக்கே கொண்டுவரத் தடைசெய்யப்பட்ட பொருட்களுட் பற்றறியும் ஒன்று. செத்த பற்றறிகளை வெயிலிற் காயவைத்தும், துளையிட்டு உப்புநீர் வார்த்தும் சிலநாள் உயிர்பிடித்து வைத்தோம். அவையும் கைவிட்டபின், ஊரெங்கும் ஒருவழி கைக்கொள்ளப்பட்டது. வண்டியை ஸ்ராண்டில் ஏற்றி நிறுத்தி, பின்சில்லை மிதித்துச் சுழற்றி, அதனோடு உராயும் டைனமோவின் மின்னை வானொலிக்குக் கொடுப்பதே அது. டைனமோ தருவது ஆடலோட்டம். வானொலி வேண்டுவது நேரோட்டம். பழுதான கருவிகளிலிருந்து கழற்றிய இருவாயிகள் நான்கினைப் பாலமாக இணைத்தால் இக்குறை தீரும். உயர்தர வகுப்பிற் பௌதிகம் பயின்றவன் என்பதால், எங்கள் ஒழுங்கையில் அவ்வேலை எனக்கு வந்து சேர்ந்தது.

அக்காலத்திலேதான் எங்கள் பௌதிக ஆசிரியர் மின்காந்த அலைகளைப் படிப்பித்தார். பாடநூல் திருசியம் என்றும் பிறர் நிறமாலை என்றுங் கூறும் அதனைக் கரும்பலகையின் ஒருமுனை தொட்டு மறுமுனைவரை ஒரு கோடாக வரைந்தார். இடப்பக்கத்தில் வானொலி அலைகள். அப்பால் நுண்ணலைகள், செங்கீழ்க் கதிர்கள், கண்ணுக்குப் புலனாகும் ஒளி, ஊதாக்கடந்த கதிர்கள், எக்ஸ் கதிர்கள். வலப்பக்க எல்லையிற் காமாக் கதிர்கள். யாவும் ஒரே இனத்தவை. வெற்றிடத்தில் யாவும் செக்கனுக்கு ஏறத்தாழ 3 இலட்சம் கிலோமீற்றர் விரைபவை. வேறுபடுவன அலைநீளமும் மீடிறனுமே. ஒன்று கூட மற்றது குறையும். இரண்டையும் பெருக்க வருவது அந்த ஒரே வேகம். 31 மீற்றர் அலை எனில், அதன் மீடிறன் செக்கனுக்கு ஏறத்தாழ 97 இலட்சம் அதிர்வு. ஒளியின் அலைநீளமோ மீற்றரின் பத்து இலட்சத்தில் ஒரு பங்கினுங் குறைவு.

ஆசிரியர் சங்கீதம் அறிந்தவர். ஸ்தாயி ஒன்று ஏறினாற் சுருதியின் அதிர்வு இரட்டிப்பதை நினைவூட்டிவிட்டு, "எங்கள் கண் காண்பது முழுதாக ஒரு ஸ்தாயிகூட இல்லை" என்றார். கணக்குப் பார்த்தேன், உண்மையே. ஊதாவுக்கும் சிவப்புக்கும் இடையில் அலைநீளம் இருமடங்காகவில்லை. எங்கள் சிறிய வானொலியின் மத்திய அலை முள் ஓடும் பரப்போ ஒன்றரை ஸ்தாயிக்கு மேல். ஒரு மலிவான பெட்டி என் கண்ணினும் அகன்ற பார்வை உடையது என்ற எண்ணம் அன்று என்னை வெகுவாகக் கவர்ந்தது.

இவ்வலைகள் இருத்தல்கூடும் என்பதை 1860களிற் கணிதத்தால் உரைத்தவர் மாக்ஸ்வெல். அவற்றை 1887 இலும் 1888 இலும் ஆய்வுகூடத்தில் உண்டாக்கிக் காட்டியவர் ஹேர்ட்ஸ். கல்கத்தாவிலே ஜகதீச சந்திர போஸ் 1895 இல் மில்லிமீற்றர் அளவான அலைகளைக் கொண்டு மணியை ஒலிக்கச் செய்தார். நம் நாட்டிலும், தந்தித் திணைக்களப் பொறியியலாளர் எட்வேர்ட் ஹார்ப்பர், ஜேர்மன் நீர்மூழ்கிக் கப்பலொன்றின் வானொலிப் பாகங்களைக் கொண்டு 1923 இற் பரீட்சார்த்த ஒலிபரப்பை நிகழ்த்தினார். 1925 மார்கழியிற் கொழும்பு வானொலி முறையாகத் தொடங்கிற்று. போரில் அகப்பட்ட கருவியொன்று பின்னர்ப் பாட்டுப் பாடிய அச்செய்தி எனக்கு என்றும் பிரியமானது.

வரலாற்றை விடுத்து எங்கள் விறாந்தைக்கு வருகிறேன். இரவு ஒன்பதேகாலுக்கு இலண்டனிலிருந்து பி.பி.சி. தமிழோசை. ஒன்பது மணிக்கே அயலவர் பாயோடு வந்துவிடுவர். வேப்பமரத்திற் கட்டிய செப்புக்கம்பியே எங்கள் ஏரியல். சிற்றலைகள் பூமியின் வளைவைத் தொடர்ந்து வருவன அல்ல. நிலத்திலிருந்து நூறு கிலோமீற்றருக்கும் மேலே, சூரியக் கதிர்களால் மின்னேற்றம் பெற்றுக் கிடக்கும் அயன்மண்டலம் அவற்றை வளைத்துக் கீழே திருப்புகின்றது. அப்படை இருத்தல் வேண்டும் என 1902 இற் கெனலியும் ஹெவிசைட்டும் கருதினர். 1924 இல் அப்பிள்ற்றன் நிறுவிக் காட்டினார். அது நிலையாக நில்லாமையால், குரல் கிணற்றுள் விழுவதுபோல் அமிழ்ந்து மீண்டும் எழும். அவ்வாறு அமிழும்போதெல்லாம் அயலவர் என்னையே நோக்குவர். குற்றம் வானத்தினதா காலினதா என்று அவர்களுக்கு எவ்வாறு விளக்குவது?

ஒருநாள் குற்றம் காலினதே. அயல்வீட்டுப் பெரியம்மா ஒருவரின் ஒரே மகன் தென்னிலங்கைப் பட்டினமொன்றிற் கடையில் வேலை செய்தான். கடிதம் வந்து மாதங்களாயின. அன்றிரவு, ஓரிடத்திற் குண்டு வெடித்ததென்றும், அதையொட்டி இளைஞர் பலர் கைதாயினர் என்றும் செய்தி தொடங்கிற்று. பகலெல்லாம் தண்ணீர் சுமந்த களைப்போடு இருந்த எனக்குக் கெண்டைக்கால் பிடித்துக்கொண்டது. மிதிப்பது நின்றது. இரண்டு செக்கன்தான். வானொலி மீண்டும் பேசத் தொடங்கியபோது இடத்தின் பெயர் போய்விட்டது.

"தம்பி, எந்த ஊர் எண்டு சொன்னவங்கள்?"

எனக்குத் தெரியவில்லை. அங்கிருந்தோரில் ஒருவர் ஒன்று சொன்னார். மற்றொருவர் வேறொன்று சொன்னார். பெரியம்மா அன்று வீடு செல்லவில்லை. எங்கள் விறாந்தைத் தூணிற் சாய்ந்தபடியே இருந்தார். என் தாயார் கொடுத்த தேநீரையும் அருந்தவில்லை.

என் இணைப்பிலே ஆயிரம் மைக்கிரோபரட்டுக் கொள்ளளவி ஒன்று இருந்தது. அது இரைச்சலைத் தணிக்கும் என அறிந்திருந்தேன். கால் ஓய்ந்தால் எவ்வளவு நேரம் தாங்கும் என்று கணக்கிட்டிலேன். அன்றிரவு விளக்கடியிற் கணக்கிட்டேன். வானொலி இழுக்கும் மின்னோட்டத்துக்குச் செக்கனின் பத்தில் ஒரு பங்கே வந்தது. பரீட்சைக்காகப் பலமுறை செய்த கணக்குத்தான். மற்றொன்றும் அன்று தெளிவாயிற்று. குரலைக் கொண்டுவருவது என் மிதிப்பன்று. நான் நின்ற அவ்விரண்டு செக்கனிலும் அந்த ஊரின் பெயர் எங்கள் விறாந்தையூடாகவே சென்றது. ஏரியற் கம்பியில் எழுந்தும் இருந்தது. செவிக்கு எட்டாத அந்த நுண்ணிய மின்னைப் பெருக்கிப் பேசவைக்கவே டைனமோ வேண்டியிருந்தது.

விடியலில் முள்ளை மத்திய அலைக்குத் திருப்பினேன். திருச்சி வானொலி 936 கிலோஹேர்ட்சில். யாழ்ப்பாணத்திலிருந்து கொழும்பு 300 கிலோமீற்றர்; திருச்சியோ 200 இனுங் குறைவு. பகலிலே மத்திய அலையை அயன்மண்டலத்தின் கீழ்ப்படை விழுங்கிவிடும். அது நிலத்தையொட்டியே வருதல் வேண்டும். மண்ணும் மரமும் அதனைத் தேய்க்க, மின்னை நன்கு கடத்தும் உப்புக்கடல் அதிகம் தேயவிடாது கடத்திவிடும். பாக்கு நீரிணை எங்களுக்குச் செய்த உபகாரம் அது. இந்திய வானொலியின் தமிழ்ச் செய்தியில் அந்த ஊரின் பெயர் தெளிவாகக் கேட்டது. பெரியம்மாவின் மகன் இருந்த ஊர் அன்று. அவர் எழுந்து, சேலைத்தலைப்பால் முகத்தைத் துடைத்துக்கொண்டு, ஒன்றும் கூறாது படலையைத் திறந்து போனார். ஆறு கிழமை கழித்து மகனின் கடிதமும் வந்தது. ஆயினும் அவ்விரவின் பின்னர்ச் செய்தி முடியும்வரை நான் காலை நிறுத்தியதில்லை. பழைய மோட்டார் சைக்கிள் பற்றறி ஒன்று தேடிப்பெற்று, மாலையிலேயே மிதித்து ஏற்றிவைக்கவும் பழகினேன்.

இன்றைய மாணவர் சட்டைப்பையில் வைத்திருக்கும் கைப்பேசியும் இதே கோட்டில் நிற்பதே; அதன் அலைகள் சாணுக்கும் முழத்துக்கும் அடங்குவன. தமிழோசையின் வானொலி ஒலிபரப்பு 2017 இல் நின்றுவிட்டது. அந்தப் பெட்டி என்னிடம் இருக்கிறது. அதைப் பற்றி இன்னும் ஒன்று சொல்லவேண்டும்.

1995 ஐப்பசி 30 ஆம் நாள் வலிகாமத்தை விட்டு அனைவரும் வெளியேறினோம். மழை. நாவற்குழிப் பாலத்தை நோக்கி, அடியெடுத்து வைக்க இடமில்லாத சனநெருக்கத்தில் இரவு முழுவதும் வண்டியை உருட்டிச் சென்றேன். பின்கரியரிற் பெரியம்மாவின் பெட்டி. கைப்பிடியிற் பொலித்தீனாற் சுற்றிய வானொலி. கனத்த பற்றறியை வீட்டில் விட்டுவிட்டோம். மறுநாளிரவு தென்மராட்சியில் ஒரு மாமரத்தின் கீழ் வண்டியை ஸ்ராண்டில் ஏற்றினேன். கம்பியை மாங்கொப்பில் எறிந்து கட்டினேன். முகமறியாதோர் பலர் வந்து சூழ்ந்தனர். ஒன்பதேகால் ஆயிற்று. குரல் அமிழ்ந்து எழுந்தது. யாழ்ப்பாணத்திலிருந்து இலட்சக்கணக்கானோர் இடம்பெயர்ந்துள்ளனர் என்று இலண்டன் சொல்லிற்று.

"எங்களைத்தான் சொல்லுறாங்களோ, தம்பி?" என்றார் பெரியம்மா.

"ஓம், பெரியம்மா" என்றேன். காலை நிறுத்தவில்லை.