தனுஷ்கோடிக்கு ரிடர்ன் டிக்கெட்

"ராமேஸ்வரம் போறேன்" என்றதும் என் பாங்க் நண்பர் கேட்ட முதல் கேள்வி, "அவ்வளவு பாவமா பண்ணிட்டே?" இரண்டாவது கேள்வி, "நானும் வரட்டுமா?"

கோயிலில் 22 தீர்த்தம். வாளி வாளியாகத் தலையில் ஊற்றினார்கள். நண்பருக்குப் பாவம் போனதோ இல்லையோ, ஜலதோஷம் வந்துவிட்டது. மூக்கைச் சிந்திக்கொண்டே தனுஷ்கோடிக்கு வேன் ஏறினார்.

முன்பெல்லாம் இந்த மணலில் ஜீப் குதித்துக் குதித்துப் போகும். 2017-ல் அரிச்சல்முனை வரை தார் ரோடு போட்டுவிட்டார்கள். இடது பக்கம் அலையே இல்லாமல் ஒரு கடல், வலது பக்கம் ஓயாமல் இரைகிற ஒரு கடல். "சாதுவா இருக்குல்ல, அது பெண் கடல். இந்தப் பக்கம் கத்துறது ஆண் கடல்" என்றார் வேன்காரர். "உங்களுக்கு இன்னும் கல்யாணம் ஆகலியாண்ணே?" என்றார் நண்பர்.

அதோடு சிரிப்பு நின்றது. இடிந்த ஸ்டேஷன் வந்துவிட்டது.

ஒரு காலத்தில் இது ஜே ஜே என்றிருந்த ஊர் சார். எழும்பூரில் போட் மெயில் ஏறினால் இங்கே இறங்கி, கப்பலில் தலைமன்னார், அங்கிருந்து மறுபடி ரயில், கொழும்பு! ஸ்டேஷன், போஸ்ட் ஆபீஸ், கஸ்டம்ஸ், பள்ளிக்கூடம், சர்ச் எல்லாம் இருந்தன. 1964 டிசம்பர் 22 ராத்திரி அத்தனையும் முடிந்தது. அந்தமான் பக்கம் சின்னதாகக் கிளம்பிய காற்று, இலங்கையைப் பிய்த்துப் போட்டுவிட்டு நேரே இங்கே வந்தது. இந்தியாவிலும் இலங்கையிலுமாகச் சுமார் 1,800 பேர் இறந்தார்கள்.

அந்த ராத்திரி பாம்பனிலிருந்து ஒரு பாசஞ்சர் ரயில், நம்பர் 653, தனுஷ்கோடிக்குப் புறப்பட்டது. ஊருக்குப் பக்கத்தில் வந்துவிட்டது. சிக்னல் விழவில்லை. டிரைவர் காத்திருந்து பார்த்தார், விசில் கொடுத்துப் பார்த்தார், அப்புறம் மெதுவாக நகர்த்தினார் என்று சொல்கிறார்கள். ஒரே அலை. பயணிகள் 110 பேர், ரயில்வே ஊழியர்கள் 5 பேர், ஒருவரும் மிஞ்சவில்லை. டிக்கெட் வாங்காமல் ஏறியவர்கள் எந்தக் கணக்கிலும் இல்லை.

டிரைவரைக் குறை சொல்ல எனக்கு வாய் வரவில்லை. அந்த இருட்டில், அந்த மழையில், பின்னால் பெட்டி பெட்டியாக ஜனங்கள். நின்றாலும் கடல், நகர்ந்தாலும் கடல். புயலை யாரும் நிறுத்தியிருக்க முடியாது. ஆனால் அந்த ரயிலைப் பாம்பனிலேயே நிறுத்தியிருக்கலாமே என்ற எண்ணம் மட்டும் போக மறுக்கிறது. பிற்பாடு பாம்பன் பாலத்தில் காற்றை அளக்கும் கருவி வைத்தார்கள். வேகம் மணிக்கு 58 கிலோமீட்டரைத் தாண்டினால் சிக்னல் தானாகவே சிவப்பாகிவிடும்.

அதே புயல் பாம்பன் பாலத்தையும் வாரிக்கொண்டு போயிருந்தது. ஸ்ரீதரன் என்ற இளம் இன்ஜினீயர் (பின்னாளில் டெல்லி மெட்ரோ போட்டாரே, அவரேதான்) 46 நாளில் அதைச் சரிசெய்தார். ஆனால் தனுஷ்கோடிக்கு மட்டும் ரயில் திரும்பி வரவே இல்லை.

சர்ச் சுவரில் கை வைத்தேன். கல்லில் பூப்பூவாய், சல்லடையாய் ஓட்டை. செங்கல் இல்லை, பவளப்பாறை! கடலில் வெட்டி எடுத்துக் கட்டியிருக்கிறார்கள். இங்கேதான் எனக்குள் இருக்கும் பி.காம். விழித்துக்கொண்டான். அலையின் வேகத்தைக் கரைக்கு முன்னாலேயே குறைக்கிற தடுப்புச்சுவர் அந்தப் பாறை. வீட்டுக்கும் சுண்ணாம்புக்கும் என்று மன்னார் வளைகுடாவில் பல வருஷம் வெட்டி எடுத்தார்கள். இப்போது தடை இருக்கிறது. ஆனால் அங்கிருந்த 21 தீவுகளில் விலாங்குசல்லி, பூவரசன்பட்டி என்று இரண்டு தண்ணீருக்குள் போய்விட்டன. அஸ்திவாரத்தை விற்று மாடி கட்டிய கணக்கு. எந்த ஆடிட்டரும் கையெழுத்துப் போடமாட்டார்.

அரிச்சல்முனைக்கு வந்தோம். நண்பர் பேன்ட்டை முழங்கால் வரை சுருட்டிக்கொண்டு இறங்கினார். "போட்டோ எடு, கடல் நல்லா தெரியணும்." ஒரு அடி பின்னால் வைத்தார், இன்னொரு அடி...

"ஏ தம்பி! ஏறு மேல! மண்ணு இழுக்கும்!"

சங்கு விற்கிற அம்மா. கத்தி முடிப்பதற்குள் நண்பர் இடுப்பளவு இறங்கிவிட்டார். அலை திரும்பும்போது காலடி மணல் மொத்தமாகச் சரிகிறது. நானும் வேன்காரரும் சட்டையைப் பிடித்து இழுத்ததில் காலர் கிழிந்தது, ஒரு செருப்பு இலங்கைப் பக்கம் போனது. ஆள் மிச்சம்.

"போர்டு வச்சிருக்கே, படிக்கலியா? படிச்ச புள்ளைதானே?" என்றது அந்த அம்மா. எம்.காம்., சி.ஏ.ஐ.ஐ.பி. பதில் சொல்லவில்லை. பேரம் பேசாமல் மூன்று சங்கு வாங்கினார்.

ராத்திரி ரயில். 2025-ல் திறந்த புதுப் பாலத்துக்கு முன்னால் சட்டென்று நின்றது. பத்து நிமிஷம் ஆயிற்று, நகரவில்லை. தாம்பரத்தில் ரெண்டு நிமிஷம் கூட நின்றாலே ரயில்வே மந்திரியைத் திட்டுகிற மனுஷர், ஜன்னலில் தலையை நீட்டிப் பார்த்தார்.

"சிவப்புதாம்பா இருக்கு" என்றார். "இருக்கட்டும், மெதுவாப் போகட்டும்."