விளக்கெண்ணெய் விருந்து

உழைக்கும்போது அருகில் வாராதார் உண்ணும்போது முதற்பந்தியில் அமர்வது எந்நாட்டிலும் உண்டு போலும். இதனைக் கடிந்து மேனாட்டு மக்களிடையே ஒரு பெட்டைக் கோழியின் கதை வழங்கிவருகிறது. வால்ட் டிஸ்னியின் கூடத்தார் 1934-ஆம் ஆண்டில் அக்கதையை 8 நிமிடத்திற்குள் அடங்கும் வண்ணச் சித்திரப் படமாக்கி வெளியிட்டனர்.

மக்காச்சோளம் விதைக்கத் துணை தேடிச் செல்கிறாள் கோழியம்மாள். இசைத்துக்கொண்டிருந்த பன்றி, வேலை என்ற சொல் காதில் விழுந்ததும் வயிற்றைப் பிடித்துக்கொள்கிறது. படகின்மீது ஆடிக்கொண்டிருந்த வாத்துக்கும் அதே நோய்! அறுவடைக் காலத்திலும் அவ்வலி தவறாமல் வருகிறது. தாயும் குஞ்சுகளுமே விதைத்து, அறுத்து, பலவகைப் பண்டங்கள் சமைக்கின்றனர். உண்ண வருகிறீரா என்று கேட்டதும் நோய் பறந்துவிடுகிறது. ஆனால் அவ்விருவருக்கும் கிடைப்பதோ விளக்கெண்ணெய்! வயிற்று வலிக்கு அதைவிடப் பொருத்தமான மருந்து வேறென்ன? தமிழ் வீட்டில் பிறந்து, மூக்கைப் பிடித்து அதனைப் புகட்டப்பெற்ற எவருக்கும் இக்காட்சியை விளக்க வேண்டுவதில்லை.

இதில் ஒரு வேடிக்கை உண்டு. அச்சோம்பேறி வாத்துத்தான் டொனால்ட். அது முதன்முதல் திரையில் தோன்றியது இப்படத்திலே. பின்னர் அதன் புகழ் உலகெங்கும் பரவிற்று. உழைத்த கோழியை இன்று எத்தனை பேர் அறிவர்?

கோழியின் உழைப்பைப் புகழ்வோர் பலர். நான் மதிப்பது அவள் 'இல்லை' என்று மறுத்த துணிவை. நம் பெண்மக்களுக்கு உழைப்பைக் கற்பித்தோம். பொறுமையை அணிகலன் என்றோம். மறுக்க மட்டும் எவரும் கற்பித்திலர்.

என் மகள் இப்படத்தைக் கண்டபின் நேரே அடுக்களைக்குச் சென்று, "அத்தை, நீங்கள் ஏன் இப்படிச் செய்வதில்லை?" என்று வினவினாள். நாற்பதாண்டுகளாக எங்கள் வீட்டு அடுப்பைக் காத்துவரும் என் தமக்கையார் தேங்காய் துருவுவதை நிறுத்தாமலே, "எண்ணெய் விற்கிற விலையில் இத்தனை பேருக்கு ஊற்றிக் கட்டுமா, கண்ணு?" என்றார். அனைவரும் சிரித்தோம். அவர் சிரிக்கவில்லை.

வரும் பொங்கலுக்கு யார் யாருக்கு என்ன வேலை என்று மகள் எழுதி அடுக்களைச் சுவரில் ஒட்டியிருக்கிறாள். தேங்காய் துருவுதல் என் பங்கு. அத்தையின் பெயர் அதில் இல்லை. பாத்திரம் கழுவும் பணி பெற்ற என் தம்பி, தமக்கு இடுப்பு வலி என்று இப்பொழுதே சொல்லியனுப்பியிருக்கிறார்.