57 பட்டை

திருச்சியில் வைரம் என்று பேச்செடுத்தால் ஸ்ரீரங்கத்துக்காரர்கள் நேராக மாஸ்கோவுக்குப் போய்விடுவார்கள். 18ஆம் நூற்றாண்டில் பிரெஞ்சுப் படையை விட்டு ஓடிவந்த சிப்பாய் ஒருவன் பக்தன் வேடத்தில் கோயிலுக்குள் புகுந்து, பெருமாளின் கண்ணாக இருந்த வைரத்தைப் பெயர்த்துக்கொண்டு ஓடினான். அது கைமாறிக் கைமாறி ரஷ்யப் பேரரசி கேத்தரினின் செங்கோலில் ஏறியது என்பது கதை. கல் என்னவோ நிஜம்தான். ஓர்லோவ் வைரம், 189.62 காரட், பாதி முட்டை வடிவம், கிரெம்ளினில் இன்றும் இருக்கிறது. திருட்டுக்குத்தான் உறுதியான ஆதாரம் இல்லை. ஆனால் கதை மீது எனக்கு வேறொரு மனத்தாங்கல். அதில் திருடனுக்கு இடம் உண்டு, அரசிக்கு உண்டு, கல்லை அவளுக்கு வாங்கிக் கொடுத்த காதலன் ஓர்லோவுக்கும் உண்டு. அந்தக் கல்லுக்கு இந்தியாவில் பட்டை போட்டவனைப் பற்றி ஒரு வார்த்தை கிடையாது.

பட்டை போடுகிறவர்கள் உறையூர்ப் பக்கம் இன்னும் சிலர் இருக்கிறார்கள் என்று கேள்விப்பட்டுப் போனேன். ஒரு காலத்தில் திருச்சியைச் சுற்றி, புதுக்கோட்டைச் சீமை வரைக்கும் வீட்டுக்கு வீடு நடந்த தொழில் இது. தோண்டி எடுத்த வைரமல்ல, செயற்கைக் கல். திண்ணையை அடைத்துக் கட்டிய பட்டறை ஒன்றில் அறுபதைத் தாண்டிய ஐயா ஒருவர் மோட்டார் முன்னால் உட்கார்ந்திருந்தார். படுக்கை வாட்டில் ஒரு செம்புத் தட்டு சுழல்கிறது. பக்கத்தில் அவர் மனைவி, அரக்கை விளக்குச் சூட்டில் இளக்கி, மிளகளவுக் கற்களைக் குச்சி நுனியில் ஒட்டிக்கொண்டிருக்கிறார். அரக்கு ஆறுவதற்குள் விரல் நுனியால் கல்லை நேர்செய்ய வேண்டும். அந்த விரல்களில் ரேகை பாதி அழிந்திருந்தது.

ஐயா குச்சியைச் சாய்த்துத் தட்டில் ஒரு கணம் தொட்டு எடுக்கிறார். கட்டைவிரலில் துடைத்து விளக்குக்கு நேரே பிடிக்கிறார். திரும்பத் தொடுகிறார். பட்டை விழுந்துவிட்டதை எப்படித் தெரிந்துகொள்கிறீர்கள் என்றேன்.

“கண்ணு பாக்குறதுக்கு முன்னாடி காது சொல்லிரும் தம்பி. சத்தம் மாறும்.”

வட்டக் கல்லுக்கு மேலே 33, கீழே 24, மொத்தம் 57 பட்டை. அத்தனையும் மிளகளவு இடத்தில். அடிப்பட்டையின் சாய்வு சரியாக இருந்தால் மேலே நுழைந்த வெளிச்சம் உள்ளே இரண்டு முறை எகிறி மறுபடி மேலேயே வந்து கண்ணைப் பறிக்கும். சாய்வு பிசகினால் அடிவழியாக ஒழுகிப்போகும். கல்லுக்குள் பார்த்தால் கீழே விரித்த துணியின் நூல்தான் தெரியும். பட்டை போடாத கல் ஒன்றை அந்த அம்மா என் கையில் வைத்தார். உடைந்த சோடா பாட்டிலுக்கும் அதற்கும் என்னால் வித்தியாசம் சொல்ல முடிந்திருக்காது.

இந்தக் கல் தீயில் பிறப்பது. அலுமினா பொடியை ஹைட்ரஜன், ஆக்சிஜன் சுடரின் வழியே தூவி, 2,000 டிகிரிக்கு மேலான வெப்பத்தில் துளித்துளியாக உருக்கி, மாணிக்கத்தை வளர்த்தெடுக்கும் முறையை 1902இல் உலகுக்கு அறிவித்தார் வெர்னாய் என்ற பிரெஞ்சு வேதியியலாளர். பொருளளவில் அது பூமிக்குள் விளையும் மாணிக்கமேதான். இப்படி வளர்த்த கல் சுவிட்சர்லாந்திலிருந்தும் பிரான்சிலிருந்தும் காவிரிக்கரைக்கு வந்தது. அதற்கும் முன்னால், தன் தாத்தா நாளில், ரங்கூனிலிருந்து கல் வந்ததாக ஐயா சொன்னார்.

இப்போது தட்டில் ஓடுவது பெரும்பாலும் கியூபிக் சிர்க்கோனியா; சந்தையில் ‘அமெரிக்கன் டைமண்ட்’. சிர்க்கோனியா உருக ஏறக்குறைய 2,750 டிகிரி வேண்டும். அந்தச் சூட்டைத் தாங்கும் பாத்திரம் கிடைப்பது அரிது. அதனால் சுற்றிலும் தண்ணீர்க் குழாய் ஓட்டி வெளிப்பொடியைக் குளிர வைத்து, உள்ளே மட்டும் மின்னலைகளால் உருக்குகிறார்கள்; உருகாத பொடியே பாத்திரமாகிவிடுகிறது. இதை 1970களில் செம்மைப்படுத்தியவர்கள் மாஸ்கோவின் லெபதேவ் நிறுவன விஞ்ஞானிகள். பெயர் மட்டும் அமெரிக்கா! ஸ்ரீரங்கத்துக் கல் மாஸ்கோ போனதோ இல்லையோ, மாஸ்கோக் கல் ஸ்ரீரங்கம் வந்துவிட்டது.  வானவில் நிறங்களைப் பிரித்துக் காட்டுவதில் வைரத்தைவிட இதற்குத்தான் கை ஓங்கல். ஏமாறாமல் இருக்க வாயால் ஊதிப் பாருங்கள் என்றார் அந்த அம்மா. வைரத்தில் ஆவி உடனே மறையும், இதில் கொஞ்சம் தங்கும்.

தொழில் தேய்ந்த கதை நீளமில்லை. சீனாவிலிருந்தும் தாய்லாந்திலிருந்தும் இயந்திரத்தில் வெட்டிய கல் வந்தது. ஆயிரம் கல் எடுத்தாலும் அளவு மாறாது, விலையும் மலிவு. கல்லுக்கு இத்தனை என்று கூலி வாங்கியவர்கள் வேறு வேலைக்குப் போய்விட்டார்கள். அதற்காக அந்த நாளைப் பொற்காலம் என்று எழுத எனக்கு மனமில்லை. ஐயா தட்டு முன்னால் உட்கார்ந்தபோது ஐந்தாம் வகுப்பைத் தாண்டவில்லை. திருச்சிக் கல்பட்டறைகள் குழந்தைத் தொழிலாளர் பற்றிய அறிக்கைகளிலும் இடம்பெற்றவை. தன் பிள்ளைகளை இதன் பக்கமே அண்ட விடவில்லை என்று அவர் சொன்னபோது குரலில் வருத்தம் இருந்ததாகத் தெரியவில்லை.

பாலம் தாண்டினால் ஸ்ரீரங்கம்; வைகுண்ட ஏகாதசியன்று உற்சவர் நம்பெருமாள் ரத்தினங்கி அணிந்து பரமபத வாசல் கடக்கிற ஊர். கல்லின் ஜொலிப்பைக் காண லட்சக்கணக்கில் கூட்டம் வரும். அந்த ஊரிலிருந்துதான் ஒரு நகை ஆசாரி அன்று பட்டறைக்கு வந்தார். யாரோ ஒரு மாமியின் ஏழுகல் தோடு; வைரமல்ல, பழைய வெள்ளைக் கல். நடுவில் ஒன்று உதிர்ந்திருக்கிறது. கடைவீதியில் பொட்டலம் பொட்டலமாகத் தேடியும் பொருந்தவில்லை. இரண்டு தலைமுறையாகத் தேய்ந்த குழி அது.

“மெஷின் கல்லு எல்லாம் ஒரே அச்சு. இந்தக் குழி அந்த அச்சுல பொறக்கலயே,” என்று ஐயா தோட்டைத் திருப்பிப் பார்த்தார். மற்ற ஆறு கல்லின் மினுக்கத்துக்கு ஒத்துப்போகும்படி இதை அளவாகத் தேய்க்க வேண்டும். ரொம்பப் பளிச்சென்று இருந்தாலும் தப்பு. இப்போது அவர்களுக்கு அடுப்பெரிவதே இந்த மாதிரி ஒற்றைக் கல் வேலையில்தான்.

கூலி எவ்வளவு என்று ஆசாரி கேட்டார். சொன்னதும், கல் விலையை விட அதிகமாக இருக்கிறதே என்றார்.

“ஆமா, அதிகந்தான்,” என்று ஐயா மோட்டாரைப் போட்டார்.