முடங்கிய விரல்கள்

எழுதுகிறவனுக்கு மூளை சற்று மழுங்கினாலும் பாதகமில்லை. எங்களில் பலர் அப்படித்தான் காலம் தள்ளுகிறோம். ஆனால் கை போய்விட்டால்? காலையில் விரல் கொஞ்சம் மரத்திருந்தாலே எனக்கு டென்னிஸ் பாட்டரின் நினைவு வந்துவிடும்.

இங்கிலாந்தில் குளோஸ்டர்ஷயரைச் சேர்ந்த டீன் காட்டுப் பகுதியில், 1935-ல், நிலக்கரிச் சுரங்கத் தொழிலாளி ஒருவரின் மகனாகப் பிறந்தவர் அவர். ஆக்ஸ்போர்டில் படித்தார், பத்திரிகையில் எழுதினார், 1964 பொதுத் தேர்தலில் தொழிற்கட்சியின் சார்பில் நின்று தோற்றார். தோல்வி வீண் போகவில்லை. மறு வருஷமே அந்த அனுபவத்தைத் தொலைக்காட்சி நாடகமாக்கிவிட்டார். தேர்தல் கூத்தின் உள்ளரங்கத்தை அது திறந்து காட்டியது. பி.பி.சி. மிரண்டுபோய் ஒளிபரப்பை நிறுத்தி, திருத்தங்கள் செய்த பிறகே வெளியிட்டது.

இதற்குள் ஒரு பொல்லாத நோய் அவரைப் பிடித்திருந்தது. தோல் செதில் செதிலாக உரியும். மூட்டுகள் வீங்கிப் பூட்டிக்கொள்ளும். விரல்கள் மடங்கி முஷ்டியாகவே ஆகிவிட்டன. அந்த முஷ்டிக்குள் பேனாவைச் செருகிக்கொண்டு எழுதினார். நாவலும் சினிமாவும் எழுதினாலும் தொலைக்காட்சியையே தம் சொந்தக் களமாகக் கொண்டார். சுரங்கத் தொழிலாளியும் பேராசிரியரும் ஒரே நேரத்தில் ஒரே நாடகத்தைப் பார்க்கலாமே என்ற ஆசைதான்!

1976-ல் அவருடைய ‘பிரிம்ஸ்டோன் அண்ட் டிரீக்கிள்’ படமாகி முடிந்தபின் பி.பி.சி. அதைப் பெட்டியில் பூட்டிற்று. வெளிச்சம் கண்டது 1987-ல். பதினோரு வருஷம்! என் கதை ஒரு வாரம் தள்ளிப்போனாலே நான் பத்திரிகை ஆசிரியருக்குக் கடிதம் எழுதுகிறவன். அவரோ 1978-ல் ‘பென்னீஸ் ஃப்ரம் ஹெவன்’ என்ற ஆறு பகுதித் தொடரைக் கொண்டுவந்தார். பழைய இசைத்தட்டுகளின் இரவல் குரலுக்குப் பாத்திரங்கள் வாயசைப்பார்கள். ஆணின் வாயிலிருந்து பெண் குரல்கூட வரும். சிரிப்பு வர வேண்டிய இடத்தில் நெஞ்சு அடைக்கிறது.

1986-ல் வந்த ‘தி சிங்கிங் டிடெக்டிவ்’தான் அவருடைய சிகரம் என்பேன். அதன் நாயகன் ஒரு துப்பறியும் கதாசிரியன். பாட்டருக்கு வந்த அதே நோயோடு ஆஸ்பத்திரிக் கட்டிலில் கிடக்கிறான். அசைய முடியாதவனின் மனத்தில் கதையும் காய்ச்சலும் காட்டுக் கிராமத்துப் பால்யமும் ஒன்றன்மேல் ஒன்றாக ஏறி வருகின்றன. தம் சுயசரிதை அல்ல அது என்று பாட்டர் சொன்னார். வலியை அவர் வேறெங்கும் கடன் வாங்கவில்லை என்பது மட்டும் நிச்சயம்.

1994 பிப்ரவரியில் கணையப் புற்றுநோய் என்று வைத்தியர்கள் சொன்னார்கள். ஏப்ரலில் ஒளிபரப்பான பேட்டியில், நடுநடுவே மார்பைன் திரவத்தைக் குடித்துக்கொண்டே, ஜன்னலுக்கு வெளியே பூத்திருக்கும் மரத்தின் வெண்மையைப் பற்றி அவர் பேசினார். பரிதாபத்துக்கு அங்கே இடமில்லை. எழுதிக்கொண்டிருந்த இரண்டு நாடகங்களையும் முடிக்க வேண்டும், போட்டி நிறுவனங்களான பி.பி.சி.யும் சானல் ஃபோரும் சேர்ந்து அவற்றை ஒளிபரப்ப வேண்டும் என்று கேட்டார்.

முடித்தும்விட்டார். மே மாத இறுதியில் மனைவி மார்கரெட் புற்றுநோயால் இறந்தார். ஒன்பது நாள் கழித்து, ஜூன் 7-ஆம் தேதி, அவரும் போனார். 1996-ல் இரு நிறுவனங்களும் சேர்ந்தே அந்த நாடகங்களை ஒளிபரப்பின. இரண்டாவதில், செத்துப்போன எழுத்தாளன் ஒருவனின் உறைந்த தலையைப் பல நூற்றாண்டுகளுக்குப் பிறகு விஞ்ஞானிகள் விழிக்கவைக்கிறார்கள். அதன் ஞாபகங்களை ஒளிபரப்பிக் காசு பார்க்க ஒரு தொலைக்காட்சி முதலாளி காத்திருக்கிறான்.